டிஸ்மிஸ் ஆணை வந்த பிறகு எந்தக் கதவைத் தட்டுவது? மேல்முறையீடு, ரிட், தீர்ப்பாயம், தொழிலாளர் வழி: ஓர் ஒப்பீடு

வேலை போனவர் முதலில் கேட்பது "நேரா ஐகோர்ட்டுக்குப் போயிடலாமா?" என்பதுதான். அதற்கு முன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று இருக்கிறது. ஆணையில் பழுது எங்கே இருக்கிறது? விசாரணை நடந்த விதத்திலா, சாட்சியத்திலா, தண்டனையின் அளவிலா, கையெழுத்துப் போட்டவரின் அதிகாரத்திலா? ஒவ்வொரு மன்றத்துக்கும் கண் ஒரு பக்கம்தான். தண்டனை அதிகம் என்பதே உங்கள் குறை என்றால் உயர் நீதிமன்றம் அதைப் பெரிதாகக் கண்டுகொள்ளாது. விசாரணையே நடக்கவில்லை என்றால் துறை மேல்முறையீட்டில் மாதக்கணக்கில் காத்திருக்கத் தேவையில்லை. பழுதைக் கண்டுபிடித்த பிறகு கதவைத் தேடுங்கள்.

## முதலில் ஆணையை வாசியுங்கள்

எந்தச் சொல்? கட்டாய ஓய்வு, பணிநீக்கம், பணியறவு ஆகிய மூன்றையும் பேச்சுவழக்கில் 'டிஸ்மிஸ்' என்றுதான் சொல்கிறோம். சட்டத்தில் மூன்றும் வேறு வேறு. கட்டாய ஓய்வு என்றால் செய்த பணிக்காலம் அழிவதில்லை. தகுதியான பணிக்காலம் உள்ளவருக்கு ஓய்வூதிய உரிமை உண்டு. பணிநீக்கமும் பணியறவும் முந்தைய பணிக்காலத்தையே பறித்துவிடும். பழைய ஓய்வூதியத் திட்டத்தில் இருப்பவர் அப்போது கேட்கக்கூடியது கருணைப் படி மட்டும். அதுவும் ஓய்வூதியத்தில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் போகாது, கொடுத்தே தீர வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. பணிநீக்கத்துக்கும் பணியறவுக்கும் இடையிலும் ஒரு வித்தியாசம் உண்டு: பணியறவு பெற்றவருக்குப் பொதுவாக இனி எந்த அரசு வேலையும் கிடைக்காது, பணிநீக்கத்தில் அந்தத் தடை இல்லை.

யார் கையெழுத்து? அரசியலமைப்பின் 311(1) படி, உங்களை நியமித்த அதிகாரிக்குக் கீழான பதவியில் இருப்பவர் உங்களை நீக்க முடியாது. மாவட்ட ஆட்சியர் நியமித்தவரைக் கோட்டாட்சியர் நீக்கினால் அந்த ஆணை நிற்காது. நியமன ஆணையின் நகலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பதவிப் பெயரை ஒப்பிட்டுப் பாருங்கள்.

எந்த விதி? விசாரணை நடத்திப் பெரிய தண்டனை தருவதற்கான விதி, தமிழ்நாடு அரசு ஊழியருக்குக் குடிமைப் பணிகள் (ஒழுங்கும் மேல்முறையீடும்) விதிகளில் 17(பி). காவலர், தலைமைக் காவலர் போன்றோருக்கு அவர்களுக்கான தனி விதிகளில் 3(பி). மத்திய அரசு ஊழியருக்கு 1965-ஆம் ஆண்டு சி.சி.எஸ். (சி.சி.ஏ.) விதிகளில், அதாவது மத்தியப் பணியாளர் ஒழுங்கு விதிகளில், விதி 14. விசாரணையே இல்லாமல் நீக்கியிருந்தால் 311(2)-இன் இரண்டாவது விதிவிலக்கில் எந்தப் பிரிவைக் காட்டியிருக்கிறார்கள் என்று பாருங்கள்: குற்றவழக்குத் தண்டனையா, 'விசாரணை நடத்துவது நடைமுறையில் இயலாது' என்பதா, நாட்டின் பாதுகாப்பா.

எந்தத் தேதி? ஆணையில் அச்சிட்ட தேதி அல்ல, உங்கள் கைக்கு வந்த தேதிதான் கணக்கு. தபாலில் வந்தால் உறையைத் தூக்கி எறியாதீர்கள். முத்திரைத் தேதிதான் சாட்சி. நேரில் கொடுத்தால் பெயர், தேதியோடு கையெழுத்திட்டு வாங்குங்கள். வாங்க மறுத்தால் எந்த லாபமும் இல்லை. கதவில் ஒட்டிவிட்டுப் போவார்கள், கெடு அன்றே ஓடத் தொடங்கும்.

நீங்கள் யாருடைய ஊழியர்? இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். போக்குவரத்துக் கழக நடத்துநர், மின்வாரியக் களப்பணியாளர், கூட்டுறவுச் சங்க எழுத்தர் எல்லோரும் ஊரில் 'கவர்மென்ட் வேலை'தான். ஆனால் 311-இன் பாதுகாப்பு அவர்களுக்குக் கிடையாது. அவர்களின் வழியும் வேறு.

## எதை வைத்து எடை போடுவது

ஐந்து விஷயங்கள் போதும். கெடு எவ்வளவு? அந்த மன்றம் சாட்சியத்தை மறுபடி எடைபோடுமா? தண்டனையைக் குறைக்க அதற்கு நேரடி அதிகாரம் உண்டா? ஜெயித்தால் கையில் என்ன வரும்: வேலையா, வேலையும் சம்பளமுமா, இன்னொரு விசாரணையா? செலவும் காலமும் எவ்வளவு? ஐந்தாவதைப் பற்றி எல்லோரும் யோசிக்கிறார்கள். நான்காவதை யாரும் கேட்பதில்லை, பின்னால் வருத்தப்படுவதும் அதற்காகத்தான்.

| வழி | யாருக்கு | கெடு | சாட்சியத்தை மறுபடி பார்க்குமா | தண்டனையைக் குறைக்குமா |
|---|---|---|---|---|
| துறை மேல்முறையீடு | எல்லா அரசு ஊழியருக்கும் | மாநிலம் 2 மாதம். மத்திய அரசு 45 நாள் | பார்க்கும் | நேரடியாகக் குறைக்கலாம் |
| ரிட் மனு (உயர் நீதிமன்றம்) | மாநில அரசு ஊழியர், காவலர், துணை ராணுவத்தினர் | எண்ணிட்ட கெடு இல்லை. தாமதம் கொல்லும் | பார்க்காது | மிக அரிது |
| மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் | மத்திய அரசு, ரயில்வே, அஞ்சல் ஊழியர் | 1 வருடம் | பெரும்பாலும் பார்க்காது | அரிது |
| தொழிலாளர் வழி | கழகம், வாரியம் முதலியவற்றின் தொழிலாளர் | 2 வருடம் | முழுமையாகப் பார்க்கும் | குறைக்கும் |
| சிவில் வழக்கு | கோட்பாட்டளவில் மாநில ஊழியர் | 3 வருடம் | குறைந்த அளவில் | கிட்டத்தட்ட இல்லை |

## துறை மேல்முறையீடு

மேல்முறையீடு என்றாலே "அதே ஆட்கள்தானே, என்ன பண்ணிடப் போறாங்க" என்ற அலட்சியம் பலரிடம் உண்டு. ஆனால் மாநில ஊழியருக்கு உண்மைகளை மறுபடி எடைபோடும் அதிகாரமும், தண்டனையைக் குறைக்கும் அதிகாரமும் சேர்ந்து இருக்கும் ஒரே இடம் இதுதான். மேல்முறையீட்டு அதிகாரி மூன்று கேள்விகளுக்குப் பதில் சொல்லியாக வேண்டும் என்று மாநில ஒழுங்கு விதிகளின் விதி 23 சொல்கிறது: ஆணைக்கு ஆதாரமான உண்மைகள் நிரூபிக்கப்பட்டனவா? நிரூபிக்கப்பட்டவை தண்டிக்கப் போதுமானவையா? தண்டனை மிகையா, சரியா, குறைவா?

உங்கள் மனுவையும் இந்த மூன்று தலைப்பிலேயே பிரித்து எழுதுங்கள். "என் குடும்பச் சூழ்நிலை கருதி" என்று தொடங்கும் மனுவுக்கு ஒரே வரியில் 'பரிசீலித்து நிராகரிக்கப்பட்டது' என்று பதில் வரும். சாட்சி எண், ஆவண எண், பக்க எண்ணோடு எழுதிய மனுவை அப்படி ஒதுக்கினால், அந்த ஒருவரிப் பதிலே பிற்பாடு உயர் நீதிமன்றத்தில் உங்களுக்கு ஆயுதமாகும். காரணம் சொல்லாத மேல்முறையீட்டு ஆணையை நீதிமன்றங்கள் ரத்து செய்து திருப்பி அனுப்புவது வழக்கம்.

தண்டனையைப் பற்றிய பகுதியில் கெஞ்ச வேண்டாம், ஒப்பிடுங்கள். அதே சம்பவத்தில் சம்பந்தப்பட்ட இன்னொருவருக்கு ஊதிய உயர்வு நிறுத்தம் மட்டும் கிடைத்திருக்கிறதா? உங்கள் பணிப்பதிவேட்டில் முந்தைய தண்டனை ஏதும் இல்லையா? பழைய தண்டனையைக் காரணம் காட்டி நீக்கியிருக்கிறார்கள், ஆனால் குற்றச்சாட்டுக் குறிப்பாணையில் அதைப் பற்றிப் பேச்சே இல்லையா? இவை மூன்றும் வலுவான காரணங்கள்.

மறைந்திருக்கும் ஆபத்து ஒன்று உண்டு. மேல்முறையீட்டில் தண்டனையைக் கூட்டவும் முடியும். பணியறவு பெற்றவருக்கு இழக்க இதற்கு மேல் எதுவும் இல்லை. கட்டாய ஓய்வு பெற்றவர் மட்டும் இரண்டு முறை யோசிக்க வேண்டும். கையில் இருக்கும் ஓய்வூதியம் பேரத்துக்கு வருகிறது. கூட்டுவதற்கு முன் உங்களிடம் விளக்கம் கேட்டாக வேண்டும் என்பதுதான் ஒரே ஆறுதல்.

அரசே நேரடியாகத் தண்டித்திருந்தால் அதற்கு மேல் முறையிட அதிகாரி இல்லை, மறுஆய்வு மனுதான். அரசு தேர்வாணையத்தின் ஆலோசனையைப் பெற்று அதை நம்பி முடிவெடுத்திருந்தால், அந்த ஆலோசனையின் நகல் உங்களுக்கு முன்கூட்டியே வந்ததா என்று பாருங்கள். இந்த ஓட்டை பல வழக்குகளில் பயன்பட்டிருக்கிறது.

எப்போது இதுவே நல்லது: சம்பவம் நடந்தது உண்மை, ஆனால் தண்டனை அளவுக்கு மீறியது; அல்லது பணம் திருப்பிச் செலுத்தப்பட்டுவிட்டது; அல்லது மருத்துவக் காரணத்தால் வேலைக்கு வரவில்லை. அனுமதியில்லாமல் வராத வழக்கில், வராதது வேண்டுமென்றே செய்ததுதான் என்று துறை நிரூபிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2012-இல் சொல்லியிருக்கிறது. மருத்துவமனைச் சீட்டுகளைத் தேதி வாரியாக அடுக்கி மேல்முறையீட்டிலேயே வையுங்கள். முதல் முறையாக உயர் நீதிமன்றத்தில் எடுத்து நீட்டினால் "இதை ஏன் விசாரணையில் காட்டவில்லை?" என்ற கேள்விதான் வரும்.

## உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு

தமிழ்நாட்டில் மாநில ஊழியருக்கென்று 1988 முதல் ஒரு மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது. 2006-இல் அது கலைக்கப்பட்டு, வழக்குகள் உயர் நீதிமன்றத்துக்கு மாறின. ஆகவே இன்று மாநில ஊழியருக்குத் துறையைத் தாண்டினால் அடுத்த படி நேராக உயர் நீதிமன்றம்தான். தென் மாவட்டங்களிலும் திருச்சி, தஞ்சை பக்கத்திலும் உள்ளவர்களுக்கு மதுரைக் கிளை, மற்றவர்களுக்குச் சென்னை.

அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின் கீழ் ரத்தும் உத்தரவும் சேர்த்துக் கேட்கும் மனுவுக்கு நம் நீதிமன்றத்தில் 'செர்டியோரரிஃபைட் மாண்டமஸ்' என்று பெயர். ஆணையை ரத்து செய்து, பணித்தொடர்ச்சியுடனும் பின்சம்பளத்துடனும் மீண்டும் பணியில் சேர்க்க உத்தரவிடக் கேட்பது அது. மனுவோடு பிரமாண வாக்குமூலம், ஆவணங்களின் தட்டச்சுத் தொகுப்பு, வக்காலத்து எல்லாம் போகும். மேல்முறையீட்டு ஆணையும் வந்திருந்தால் இரண்டு ஆணைகளையும் சேர்த்து எதிர்க்க வேண்டும். ஒன்றை விட்டுவிட்டு மற்றதை மட்டும் எதிர்த்த மனுக்கள் திருத்தத்துக்காகவே மாதக்கணக்கில் தூங்குகின்றன.

நீதிமன்றம் எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது என்பதை 1995-ஆம் ஆண்டு சதுர்வேதி வழக்கு வரையறுத்துவிட்டது. முடிவு சரியா என்பதைப் பார்க்காது. முடிவுக்கு வந்த முறை சரியா என்பதைப் பார்க்கும். தண்டனை நீதிமன்றத்தின் மனசாட்சியையே அதிரவைக்கும் அளவுக்கு இருந்தால் மட்டும் தலையிடும், அப்போதும் பெரும்பாலும் துறைக்கே திருப்பி அனுப்பும். ஆகவே ரிட் மனுவில் ஜெயிக்கிற காரணங்கள் இப்படிப்பட்டவை:

- நியமன அதிகாரிக்குக் கீழானவர் நீக்கியிருப்பது.
- கேட்ட ஆவணங்களைத் தராதது, குறுக்கு விசாரணைக்கு வாய்ப்பு தராதது.
- விசாரணை அலுவலரே துறையின் வக்கீல் போலச் சாட்சிகளைக் கேள்வி கேட்டு, தானே முடிவும் எழுதியது.
- ஆவணத்தை யாரும் சாட்சி சொல்லி நிரூபிக்காமல், போலீசில் கொடுத்த வாக்குமூலத்தை அப்படியே ஆதாரமாக்கியது.
- விசாரணை அறிக்கையின் நகலைத் தராமல் தண்டித்தது.
- விசாரணை அலுவலர் 'நிரூபணமாகவில்லை' என்று எழுதிய குற்றச்சாட்டில், தண்டிக்கும் அதிகாரி காரணம் தெரிவிக்காமல் மாறுபட்டு முடிவெடுத்தது.

அறிக்கை நகல் விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. 1993-ஆம் ஆண்டு கருணாகர் வழக்குக்குப் பிறகு, நகல் தரவில்லை என்பது மட்டும் போதாது. தராததால் உங்களுக்கு என்ன பாதகம் என்று காட்ட வேண்டும். "நகல் கிடைத்திருந்தால் இந்தச் சாட்சி சொன்னதில் உள்ள இந்த முரணை எடுத்துக் காட்டியிருப்பேன்" என்று மனுவில் குறிப்பாக எழுதாதவர்கள் தோற்கிறார்கள்.

இப்போது அந்த நான்காவது கேள்வி: ஜெயித்தால் கையில் என்ன வரும்? நடைமுறைக் குறைக்காக ஆணை ரத்தானால், பெரும்பாலும் கையில் கிடைப்பது பழைய நாற்காலி அல்ல. "குறை ஏற்பட்ட கட்டத்திலிருந்து விசாரணையைத் தொடருக" என்ற உத்தரவுதான். விசாரணை தொடரும் வரை உங்களைத் தற்காலிகப் பணிநீக்கத்தில் (சஸ்பென்ஷனில்) இருப்பவராகக் கருத விதிகள் இடம் தருகின்றன. அரைச் சம்பள அளவிலான பிழைப்பூதியம் வரத் தொடங்கும். பின்சம்பளம் கடைசி முடிவைப் பொறுத்தது. இது தோல்வி அல்ல, ஆனால் "ஐகோர்ட்டில் ஜெயிச்சாச்சு" என்று லட்டு கொடுக்கும் அளவுக்கு வெற்றியும் அல்ல. ஆதாரமே இல்லை என்பதற்காகவோ அதிகாரமே இல்லை என்பதற்காகவோ ரத்தானால் கதை வேறு. ஆகவே மனுவில் காரணங்களை வரிசைப்படுத்தும்போது ஆதாரமின்மையை முன்னால் வையுங்கள். நகல் தரவில்லை என்பதைப் பின்னால் வையுங்கள். பலர் தலைகீழாகச் செய்கிறார்கள்.

மேல்முறையீடு செய்யாமல் நேராக வரலாமா? பொதுவாக "மாற்று வழி இருக்கிறது, அங்கே போ" என்பார்கள். இயற்கை நீதி மீறல், அதிகாரமே இல்லாமல் போட்ட ஆணை, விதியே அரசியலமைப்புக்கு முரண் ஆகிய மூன்றுக்கும் விலக்கு உண்டு. 2003 ஜூலையில் நடந்த வேலைநிறுத்தத்துக்காக ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட தமிழ்நாடு அரசு ஊழியர்கள், ஆசிரியர்கள் ஒட்டுமொத்தமாக நீக்கப்பட்டபோது, அப்போதிருந்த மாநிலத் தீர்ப்பாயத்துக்குப் போகச் சொன்னது உயர் நீதிமன்றம். அப்படிப்பட்ட அசாதாரணச் சூழலில் உயர் நீதிமன்றமே கேட்டிருக்கலாம் என்றது உச்ச நீதிமன்றம். அதே தீர்ப்பில்தான் அரசு ஊழியருக்கு வேலைநிறுத்த உரிமை இல்லை என்றும் சொன்னது. அரசு பெரும்பாலானோரைத் திரும்ப எடுத்துக்கொள்ள முன்வந்ததால்தான் அந்த விவகாரம் தீர்ந்தது. தனி ஒருவரின் வழக்கு அசாதாரணச் சூழலாக ஏற்கப்படுவது கடினம்.

கெடு: சட்டத்தில் நாள் குறிக்கவில்லை என்பதால் நிதானமாகப் போகலாம் என்று நினைக்க வேண்டாம். பல வருடம் கழித்து ஒரு மனு கொடுத்து, 'மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்' என்று நீதிமன்றத்தில் கேட்டு வாங்கி, அந்த நிராகரிப்பைப் புதிய ஆணையாகக் காட்டும் உத்தி ஒரு காலத்தில் ஓடியது. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கிலேயே 2008-இல் உச்ச நீதிமன்றம் அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது. முதல்வர் தனிப்பிரிவு மனு, மக்கள் குறைதீர்நாள் மனு, சங்கத் தலைவரின் கோரிக்கைக் கடிதம் எதுவும் கெடுவை நிறுத்தாது.

மறைசெலவு: வழக்கறிஞர் கட்டணத்தை விடப் பெரியது காலம். நீக்க ஆணைக்கு இடைக்காலத் தடை கிடைப்பது அபூர்வம், ஏனென்றால் வேலை ஏற்கெனவே போய்விட்டது. தடை கொடுத்தால் முழு நிவாரணத்தையும் முன்கூட்டியே கொடுத்ததாகிவிடும். ஆகவே வழக்கு நடக்கும் வருடங்கள் முழுக்க வருமானம் இல்லை. ஒற்றை நீதிபதியிடம் ஜெயித்தாலும் அரசு 30 நாளில் ரிட் மேல்முறையீடு போடலாம், அதற்குப் பிறகு 90 நாளில் உச்ச நீதிமன்றமும் இருக்கிறது. பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பு பாராமல் இலவச சட்ட உதவி கிடைக்கும் என்பது பலருக்குத் தெரிவதில்லை. உயர் நீதிமன்ற சட்டப் பணிகள் குழுவில் மனு கொடுக்கலாம்.

## மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்

ரயில்வே, அஞ்சல், வருமான வரி, சுங்கம் போன்ற துறையினருக்கு முதல் மன்றம் இதுதான். நேராக உயர் நீதிமன்றம் போக முடியாது. 1985-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 19-ஆம் பிரிவில் விண்ணப்பம், கட்டணம் 50 ரூபாய். துறை மேல்முறையீட்டை முடித்துவிட்டு வர வேண்டும். மேல்முறையீடு போட்டு 6 மாதம் பதில் இல்லை என்றால் முடிந்ததாகக் கருதப்படும், அதிலிருந்து 1 வருடம் கெடு. தாண்டினால் தாமதத்துக்குக் காரணம் சொல்லித் தனி மனு போட வேண்டும்.

தெரிந்தால் லாபமான ஒரு விதி: வழக்கமாகப் பணியாற்றிய இடத்தின் அமர்வில்தான் மனு போட வேண்டும். ஆனால் பணியிலிருந்து நீக்கப்பட்டவர் தான் இப்போது வசிக்கும் இடத்தின் அமர்விலேயே போடலாம். நாக்பூரில் நீக்கப்பட்டு நாகர்கோவிலில் வந்து உட்கார்ந்திருப்பவர் சென்னை அமர்வில் மனு போட்டால் போதும்.

சாட்சியம், தண்டனை விஷயங்களில் இதன் வரம்பு கிட்டத்தட்ட ரிட் மனுவின் வரம்புதான். தோற்றால் 1997-ஆம் ஆண்டு சந்திரகுமார் தீர்ப்பின்படி உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வுக்குப் போகலாம். சி.ஆர்.பி.எஃப்., சி.ஐ.எஸ்.எஃப். போன்ற படையினர் இங்கே வர முடியாது. அவர்களுக்கு நேராக ரிட் மனு. ராணுவத்தினருக்கு ஆயுதப்படைத் தீர்ப்பாயம் தனி.

## தொழிலாளர் வழி

போக்குவரத்துக் கழக ஓட்டுநர், நடத்துநர், மின்வாரியத் தொழிலாளி ஆகியோருக்கு 311 இல்லை என்று வருந்த வேண்டாம். அவர்களுக்குக் கிடைத்திருக்கும் கதவு அரசு ஊழியரின் கதவை விட அகலமானது. தொழில் தீர்ப்பாயம் சாட்சியத்தை முழுக்க மறுபடி எடைபோடலாம். தண்டனை அதிகம் என்று தோன்றினால் டிஸ்மிஸை ஊதிய உயர்வு வெட்டாக மாற்றலாம். உயர் நீதிமன்றம் இதைச் செய்யாது. அப்படியிருக்க, பெருமைக்காக ரிட் மனு போட்டுவிட்டு, "மாற்று வழி உண்டு" என்று சில வருடம் கழித்துத் திருப்பி அனுப்பப்படுகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

படிகள் எளிது. தொழிலாளர் துறையின் சமரச அலுவலரிடம் மனு கொடுங்கள். 45 நாளில் தீரவில்லை என்றால் அரசு அனுப்பிவைக்கும் என்று காத்திராமல் நீங்களே நேராகத் தீர்ப்பாயத்தில் மனு போடலாம். கெடுவில்தான் பலர் ஏமாறப் போகிறார்கள்: பழைய தொழில் தகராறு சட்டத்தில் இருந்த 3 வருடம், 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்த தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டத்தில் 2 வருடமாகச் சுருங்கிவிட்டது. பழைய கணக்கை நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம்.

இன்னொரு சாவி: நிர்வாகத்துக்கும் சங்கத்துக்கும் தகராறு ஒன்று சமரச அதிகாரி முன் நிலுவையில் இருக்கும்போது நீக்கினால், ஒரு மாதச் சம்பளம் கொடுத்து அந்த அதிகாரியிடம் ஒப்புதல் மனுவும் போட வேண்டும். ஒப்புதல் இல்லாத நீக்கம் செல்லாது என்று அரசியல் சாசன அமர்வே 2002-இல் சொல்லிவிட்டது. போக்குவரத்துக் கழகத்தில் சம்பள ஒப்பந்தத் தகராறு நிலுவையில் இல்லாத காலம் குறைவு; ஆகவே ஒப்புதல் மனுவின் கதி என்ன ஆயிற்று என்பதை முதலில் விசாரியுங்கள். தீர்ப்பாயத்தில் ஜெயித்து நிர்வாகம் உயர் நீதிமன்றம் போனால், வழக்கு முடியும் வரை கடைசியாக வாங்கிய சம்பளத்தைக் கேட்கும் உரிமையும் உண்டு. அரசு ஊழியருக்கு இப்படி ஒரு வசதி இல்லை.

அரசு உதவி பெறும் பள்ளி ஆசிரியர் இந்த வரிசையில் சேரமாட்டார். கல்வித் துறையின் முன் ஒப்புதல் இல்லாமல் நிர்வாகம் அவரை நீக்க முடியாது. தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டத்தின் கீழ் (1973-ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பதிலாக இப்போது 2018-ஆம் ஆண்டுச் சட்டம்) தனி மேல்முறையீடும் உண்டு. கூட்டுறவுச் சங்க ஊழியருக்குக் கூட்டுறவுச் சட்டத்தின் 153-ஆம் பிரிவின் சீராய்வு.

## சிவில் வழக்கு

ஆணை செல்லாது என்று விளம்புகை (நீதிமன்றத்தின் அறிவிப்பு) கேட்டு முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போடும் வழி இன்று பெரும்பாலும் காகிதத்தில்தான் இருக்கிறது. அரசுக்கு 2 மாத அறிவிப்பு கொடுத்து, சாட்சி விசாரித்து, இரண்டு மேல்முறையீடு தாண்டி வருவதற்குள் ஓய்வு வயது வந்துவிடும். ஆணை சட்டப்படி வெறும் பூஜ்யமாகவே இருந்தாலும் 3 வருடத்துக்குள் வழக்குப் போட வேண்டும் என்பது 1991-இல் முடிவான விஷயம்.

## குற்றவழக்கால் போன வேலை

இது தனிக் கணக்கு. லஞ்ச வழக்கில் தண்டனைத் தீர்ப்பு வந்ததும், மேல்முறையீடு நிலுவையில் இருந்தாலும், மாநில ஊழியரை ஒழுங்கு விதி 17(சி)-யின் கீழ் விசாரணையில்லாமல் நீக்கலாம். தமிழ்நாட்டுக் கல்லூரிக் கல்வித் துறை வழக்கொன்றில் 1995-இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. இங்கே நீக்க ஆணையோடு மல்லுக்கு நிற்பதில் பலன் குறைவு. சண்டை குற்றவியல் மேல்முறையீட்டில்தான். சிறைத் தண்டனையை நிறுத்திவைத்தால் மட்டும் வேலை திரும்பாது, குற்றத்தீர்ப்பே நிறுத்திவைக்கப்பட வேண்டும். ஊழல் வழக்கில் அதை மிக அரிதாகவே தருவார்கள்.

விடுதலை கிடைத்த பிறகும் வேலை தானாகத் திரும்பாது. அதே உண்மைகள், அதே சாட்சிகள், அதே ஆதாரம் என்று இருந்து கண்ணியமான விடுதலை என்றால் வலுவான வழக்கு. சாட்சிகள் பிறழ்ந்ததால் சந்தேகத்தின் பலன் கிடைத்த விடுதலை போதாது என்று தமிழ்நாட்டுக் காவலர் ஒருவரின் வழக்கில் 2012-இல் தீர்ப்பாகியிருக்கிறது. ஆகவே குற்றவழக்கு வக்கீலிடம் "விடுதலை வாங்கிக் கொடுங்க" என்பதோடு நிற்காதீர்கள். தீர்ப்பின் வாசகமும் உங்களுக்கு முக்கியம் என்று சொல்லி வையுங்கள்.

பொய்ச் சாதிச் சான்று என்ற காரணத்தால் நீக்கப்பட்டவர் எதிர்க்க வேண்டியது ஆய்வுக் குழுவின் ஆணையை. அது நிற்கும்வரை நீக்க ஆணை அசையாது.

## எந்த வழியாக இருந்தாலும் முதல் பதினைந்து நாளில்

விசாரணைக் கோப்பு முழுவதையும் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு கேளுங்கள்: குற்றச்சாட்டுக் குறிப்பாணை, சாட்சிகளின் வாக்குமூலம், தினசரி விசாரணைப் பதிவு, அறிக்கை, அதன் மேல் எழுதப்பட்ட குறிப்புகள். 30 நாளில் பதில் வர வேண்டும். ஆனால் அதற்காக மேல்முறையீட்டுக் கெடுவைத் தவறவிடாதீர்கள். கையில் இருப்பதை வைத்து மனு போட்டு, 'ஆவணங்கள் கிடைத்ததும் கூடுதல் காரணங்கள் சமர்ப்பிக்கப்படும்' என்று ஒரு வரி சேர்த்துவிடலாம்.

பின்சம்பளம் கேட்க நினைப்பவர் இடைப்பட்ட காலத்தில் வேறு ஊதியப் பணியில் இல்லை என்று மனுவிலேயே சொல்லியாக வேண்டும். அதைச் சொல்லாமல் விட்டதால் வேலை கிடைத்து, சம்பளம் போனவர்கள் உண்டு. பிழைப்புக்காகச் சின்ன வேலை பார்த்திருந்தால் மறைக்காமல் எவ்வளவு வந்தது என்று எழுதுங்கள். சொற்ப வருமானத்துக்காக முழுத் தொகையையும் மறுக்கமாட்டார்கள், மறைத்தது தெரிந்தால் மறுப்பார்கள்.

ஓய்வு வயதுக்கு இரண்டு மூன்று வருடமே இருப்பவர் கோரிக்கையின் வாசகத்தை மாற்ற வேண்டும். வழக்கு முடிவதற்குள் 60 ஆகிவிட்டால் மீண்டும் பணியில் சேர்க்க வழியில்லை. "பணியில் சேர்க்கவும், அதற்குள் ஓய்வு வயது எட்டிவிட்டால் பணியில் தொடர்ந்ததாகக் கருதி ஓய்வூதியப் பலன்களை வழங்கவும்" என்று முதலிலேயே எழுதிவிடுங்கள். இடையில் மனுதாரர் இறந்துவிட்டால், பணப்பலனுக்காக வாரிசுகள் வழக்கைத் தொடரவும் அந்த வாசகம் உதவும்.